கடிகாரத்தைப் பின்னுக்குத் தள்ளி நாலு ஏபி ஏற்றிய கதை

தக்கலைப் பக்கம் ஒரு கல்லூரி விடுதியின் வைஃபையை நான் பார்த்துக்கொள்கிறேன். போன ஐப்பசி இடியில் நாலு ஆக்சஸ் பாயின்ட் (ஏபி, வைஃபை சிக்னல் தரும் பெட்டி) போய்விட்டது. எல்லா ஏபியையும் ஒரே இடத்திலிருந்து நிர்வகிக்கும் எங்கள் பழைய சிஸ்கோ கன்ட்ரோலருக்குப் பொருந்தும் மாடல் இப்போது புதிதாகக் கிடைப்பதில்லை. சென்னை ரிச்சி தெருவிலிருந்து செகண்ட் ஹேண்டில் நாலு வரவழைத்தேன்.

மாட்டினால் கன்ட்ரோலரின் பட்டியலில் பெயர் வரும், 'டவுன்லோடிங்' என்று காட்டும், அப்புறம் ரீபூட். திரும்பவும் அதே. ஏபியின் ஃபர்ம்வேரும் (உள்ளே ஓடும் மென்பொருள்) கன்ட்ரோலரின் பதிப்பும் வேறாக இருந்தால், ஏபி தானாகவே கன்ட்ரோலரிடமிருந்து இறக்கிக்கொள்ளும். அங்கேதான் சிக்கல். அது புரியாமல் நான் கேபிளை மாற்றினேன், கேபிள் வழியே மின்சாரமும் தரும் பிஓஇ சுவிட்சை மாற்றினேன், இரண்டு நாள் ஏணியில் ஏறி இறங்கினேன். கீழே நின்று வார்டன், "மக்களே, இன்னைக்காவது நெட்டு வருமா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

ஏபி உள்ளே என்ன செய்கிறது என்று கணினியில் காட்டும் கன்சோல் கேபிளை முதல் நாளே செருகியிருக்க வேண்டும், சோம்பல். 9600 வேகத்தில் பார்த்ததும் லாகில் (பதிவில்) தெளிவாக இருந்தது: சான்றிதழ், அதாவது அசல்தான் என்று காட்டும் டிஜிட்டல் சான்று, காலாவதி. ஏபியின் சொந்தச் சான்றிதழ்தான் என்று நினைத்து, அதன் காலாவதியைப் பொருட்படுத்தாதே என்று கன்ட்ரோலரில் ஒரு கட்டளை கொடுத்தேன். பலனில்லை. ஏனென்றால் தீர்ந்துபோனது வேறொன்று. ஃபர்ம்வேர் கோப்பில் கையெழுத்திட்ட சான்றிதழ் 2022 டிசம்பர் 4-ஆம் தேதியோடு முடிந்துவிட்டது. இறக்கும்போது ஏபி அந்தக் கையெழுத்தைச் சரிபார்க்கும். தேதி தாண்டியிருந்தால் கோப்பைத் தள்ளிவிடும். சரிசெய்த பதிப்பு இருக்கிறது, ஆனால் அதை எடுக்க சப்போர்ட் ஒப்பந்தம் வேண்டும். விடுதியில் அதற்கு ஏது காசு?

ஏபி தன் நேரத்தைக் கன்ட்ரோலரிடமிருந்துதான் எடுக்கிறது. அப்படியானால் கடிகாரத்தையே பின்னுக்குத் தள்ளினால் என்ன? கன்ட்ரோலரில் நேரத்தைத் தானாகச் சரிசெய்யும் என்டிபியை நிறுத்திவிட்டு 2010 என்று போட்டேன். இப்போது ஏபி சேரவே மறுத்தது. பெட்டியில் இருந்த சீரியல் எண்ணைப் பார்த்தபோது சிரிப்பு வந்தது. நான்காம், ஐந்தாம் இடங்களில் 19. அதோடு 1996-ஐக் கூட்டினால் தயாரிப்பு ஆண்டு, அதாவது 2015. 2010-இல் அந்த ஏபியே பிறக்கவில்லை, அதன் சான்றிதழ் எப்படிச் செல்லும்?

2021 என்று மாற்றினேன். ஒவ்வொன்றாகச் செருகினேன். இந்த முறை இறக்கி முடித்து, ரீபூட் ஆகி, விளக்கு பச்சையில் நின்றது. நாலும் ஏறிய பிறகு என்டிபியைத் திரும்பப் போட்டேன்; ஏற்கெனவே ஏறிய ஃபர்ம்வேருக்கு அந்தச் சோதனை மறுபடி இல்லை, அதனால் எதுவும் விழவில்லை. லாகில் மட்டும் நாலு மணி நேரம் 2021 என்று கிடக்கிறது.

அப்புறம் ஐந்தாவதாக ஒன்று வாங்கி, அதிலும் அதே பதிப்பை ஏற்றி, வார்டன் அறை அலமாரியில் வைத்திருக்கிறேன். அடுத்த ஐப்பசிக்கு.