கேள்விக்கு முன்னே வந்த பாடங்கள்: என் குருத்துவப் பயிற்சி அனுபவம்

குருத்துவப் பயிற்சிக்கு விண்ணப்பிக்க நினைக்கும் இளைஞர்கள் ஆண்டுக்கு இரண்டு மூன்று பேராவது எங்கள் குருமனைக்கு வந்து, என்னென்ன சான்றிதழ்கள் வேண்டும், நேர்காணலில் என்ன கேட்பார்கள், எபிரேயம் கடினமா என்று விசாரிக்கிறார்கள். அவர்களுக்கு வாய்மொழியாகச் சொல்லிவந்ததை எழுதிவைக்கலாம் என்று உட்கார்ந்தேன். சான்றிதழ்களைப் பற்றிய பகுதி சீக்கிரமே முடிந்துவிட்டது. அந்தப் பயிற்சி என்னை எதற்குத் தயாராக்கியது, எதற்குத் தயாராக்கவில்லை என்பதுதான் எழுத எழுத நீண்டது.

நான் தென்னிந்தியத் திருச்சபையைச் சேர்ந்தவன். விருப்பமுள்ளவர் நேரே கல்லூரியில் போய்ச் சேர்ந்துவிடும் வழக்கம் எங்களிடம் இல்லை. முதலில் சேகரத்தின், அதாவது ஒரு குருவின் பொறுப்பிலுள்ள சபைகளின் தொகுப்பின், கமிட்டி தீர்மானம் நிறைவேற்ற வேண்டும். சேகர குருவின் பரிந்துரைக் கடிதம், ஞானஸ்நானச் சான்று, திடப்படுத்தல் சான்று, பட்டப்படிப்புச் சான்று ஆகியவற்றோடு விண்ணப்பித்த பிறகு, வேதாகம அறிவிலும் ஆங்கிலத்திலும் ஓர் எழுத்துத் தேர்வும், பேராயரும் மூத்த குருமாரும் சபைப் பிரதிநிதிகளும் அமர்ந்து நடத்தும் நேர்காணலும் எனக்கு இருந்தன. நேர்காணலில் என் அழைப்பைப் பற்றிக் கேட்டார்கள். ஒத்திகை பார்த்து வைத்திருந்ததைச் சொன்னேன். தெரிவானதும், கல்லூரிக்கு அனுப்புவதற்கு முன் ஓராண்டு கிராம சபைகளில் ஊழியராக இருக்கும்படி அனுப்பினார்கள். அப்போது அது எனக்குக் காத்திருப்பாகவே தோன்றியது. இன்று திரும்பிப் பார்க்கையில், பயிற்சிக் காலம் முழுவதிலும் அதைவிட வளமான ஆண்டு வேறில்லை என்று உறுதியாகச் சொல்வேன்.

அந்த ஆண்டில் ஒரு நோட்டுப் புத்தகம் வைத்திருந்தேன். மக்கள் என்னிடம் கேட்டு நான் பதில் சொல்ல முடியாமல் போன கேள்விகளை அதில் எழுதிவந்தேன். பீடி சுற்றும் பெண்கள் சிலர், ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்த பிறகும் இலை வெட்ட வேண்டியிருக்கிறது, திங்கட்கிழமை எண்ணிக்கை குறைந்தால் கூலி குறைகிறது, இது ஓய்வுநாளை மீறிய பாவமாகுமா என்று கேட்டார்கள். அண்ணன் வீட்டுக் குலதெய்வக் கொடைவிழாவில் கொடுத்த சோற்றைச் சாப்பிட்ட தன்னைச் சபையார் ஒதுக்கிப் பேசுவதாக ஓர் அம்மா அழுதார். ஞானஸ்நானம் பெறாமல் இறந்துபோன கணவரை மறுமையில் காண முடியுமா என்று ஒரு பாட்டி கேட்டார். கல்லூரிக்குப் புறப்பட்டபோது நாற்பதுக்கும் மேற்பட்ட கேள்விகள் சேர்ந்திருந்தன. அந்த நோட்டைப் பெட்டியின் அடியில் வைத்து எடுத்துச் சென்றேன். நான்கு ஆண்டுகளில் ஒருவரும் அதைக் கேட்கவில்லை; எடுத்துக் காட்ட வேண்டும் என்று எனக்கும் தோன்றவில்லை. பி.டி. என்ற இறையியல் பட்டப்படிப்பு என்பது வேறு ஏதோ ஒன்று என்று இரு தரப்பும் ஒப்புக்கொண்டதுபோல இருந்தது.

நான் பெற்ற பட்டம் செராம்பூர் செனட் வழங்குவது. வில்லியம் கேரியும் ஜோஷுவா மார்ஷ்மேனும் வில்லியம் வார்டும் 1818இல் வங்கத்தில் நிறுவிய செராம்பூர் கல்லூரிக்கு 1827இல் டென்மார்க் மன்னர் சாசனம் வழங்கினார். 1918இல் இயற்றப்பட்ட சட்டத்தின்படி செனட் இயங்கி, நாடெங்கும் உள்ள இணைப்புக் கல்லூரிகளுக்குப் பட்டம் வழங்கிவருகிறது. கீழை இலக்கியத்தையும் ஐரோப்பிய அறிவியலையும் சேர்த்துக் கற்பிக்க வேண்டும் என்பதே நிறுவியவர்களின் அறிவிப்பாக இருந்தது. தமிழ் மக்களுக்கு ஊழியம் செய்யப் போகும் நான், ஆங்கில வழிக் கல்லூரி ஒன்றில் நான்கு ஆண்டு படித்து, ஒரு தமிழ் இலக்கியப் பாடம்கூடப் படிக்காமல் வெளியே வந்தேன். விசுவாசத்தினால் நீதிமானாக்கப்படுதல் பற்றி ஆங்கிலத்தில் பன்னிரண்டு பக்கம் எழுதத் தெரிந்தது. அதையே பீடித் தட்டை மடியில் வைத்திருக்கும் ஒருவருக்கு அவர் வேலையை நிறுத்தாமலே கேட்டுப் புரிந்துகொள்ளும்படி சொல்லத் தெரியவில்லை.

கல்லூரியை நான் குறைத்துப் பேசவில்லை. எபிரேயமும் கிரேக்கமும் இன்றும் எனக்குத் துணை நிற்கின்றன. திருச்சபை வரலாற்று வகுப்பில், தரங்கம்பாடியில் 1733இல் ஆரோன் என்ற தமிழர் குருவாக அபிஷேகம் பெற்றதையும், அதே காலத்தில் தஞ்சைப் பகுதியில் உழைத்த உபதேசியார் ராஜநாயக்கன், தாழ்த்தப்பட்ட சமூகத்தில் பிறந்த காரணத்தால் மேல்சாதிக் கிறிஸ்தவர்கள் ஏற்கமாட்டார்கள் என்று குருத்துவம் மறுக்கப்பட்டதையும் படித்த நாள் எனக்கு மறக்காது. 1980களின் தொடக்கத்தில் இறையியலாளர் ஏ.பி. நிர்மல் முன்வைத்த சிந்தனையிலிருந்து தலித் இறையியல் வளர்ந்த வரலாற்றை நல்ல மதிப்பெண் வரும்படி எழுதினேன். ஆனால் ஒரே சபைக்குச் சாதிக்கொன்றாக இரண்டு கல்லறைத் தோட்டங்கள் இருக்கும் ஊரில் முதல் கமிட்டிக் கூட்டத்தில் என்ன பேசத் தொடங்குவது என்பதை எந்த வகுப்பிலும் நாங்கள் பேசவில்லை.

களப்பணி என்ற பெயரில் வார இறுதிகளில் நகரத்துச் சபைகளுக்குச் சென்றோம். ஓய்வுநாள் பள்ளி நடத்தி, வேதபாடம் வாசித்து, மாதக் கடைசியில் ஓர் அறிக்கை எழுதிக் கையெழுத்து வாங்கிக் கொடுத்தோம். அந்த அறிக்கையைப் படித்து ஒருவர் என்னிடம் ஒரு கேள்வி கேட்டிருந்தால் என் ஊழியத்தின் முதல் ஆண்டுகள் வேறு மாதிரி அமைந்திருக்கும். ஆய்வேட்டுக்குப் புலம்பல் சங்கீதங்களை எடுத்துக்கொண்டேன். 88ஆம் சங்கீதம் மற்றவற்றைப் போலத் துதியில் முடியாமல், எபிரேயத்தில் இருள் என்ற சொல்லோடு முடிந்துவிடுகிறது என்பது என் ஆய்வின் மையமாக இருந்தது. ஆய்வேடு ஏற்கப்பட்டது, பட்டமளிப்பு முடிந்தது, உதவிக்குருவாக அபிஷேகம் பெற்று, மூன்று சிறு சபைகளின் பொறுப்போடு ஒரு கிராமத்துக்குப் போனேன்.

ஏழாவது மாதத்தில், எங்கள் வாலிபர் சங்கத்தில் இருந்த ஒரு இளம் விவசாயி பூச்சிமருந்து குடித்து இறந்தார். அரசு மருத்துவமனையில் பிரேதப் பரிசோதனை முடிந்து உடல் ஊருக்கு வரும்போது மாலை ஆகியிருந்தது. தற்கொலை செய்துகொண்டவருக்குக் கோயில் மணி அடிப்பதும், உடலைக் கோயிலுக்குள் கொண்டுவருவதும் அந்த ஊரில் வழக்கமில்லை என்று பெரியவர்கள் சொன்னார்கள். 1662ஆம் ஆண்டின் ஆங்கிலிக்க ஜெபப் புத்தகத்தில், ஞானஸ்நானம் பெறாதவர்களுக்கும் சபைக்குப் புறம்பாக்கப்பட்டவர்களுக்கும் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டவர்களுக்கும் அடக்க ஆராதனை முறையைப் பயன்படுத்தலாகாது என்ற குறிப்பு இருப்பது எனக்குத் தெரியும்; வழிபாட்டு வரலாற்றுத் தேர்வில் எழுதிய பதில்தான் அது. பெரியவர்களை உட்காரவைத்து, அந்தக் குறிப்பு எப்படி வந்தது, மனநோய் பற்றிய இன்றைய அறிவு அன்று இருக்கவில்லை என்றெல்லாம் விளக்கினேன். மரியாதையோடு கேட்டுக்கொண்டார்கள், ஒருவரும் அசையவில்லை. வீட்டுக்குப் போனபோது அந்தத் தாய் என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: "ஐயா, எம் பிள்ளைக்கு மணி அடிப்பாங்களா?"

இரவு ஒன்பது மணிக்கு மேல், பெரியவர்களில் மூத்தவர் என்னைத் தனியே அழைத்து, நாற்பது ஆண்டுகளுக்கு முன் தம் சொந்தத் தம்பியைக் கல்லறைத் தோட்டத்துச் சுவருக்கு வெளியே புதைத்ததைச் சொன்னார். அவ்வளவு ஆண்டுகளாக யாரிடமும் பேசாத செய்தி அது. அதற்குப் பிறகு அவரே மற்றவர்களிடம் போய்ப் பேசினார். மறுநாள் காலை மணி அடித்தது. 88ஆம் சங்கீதத்தை முழுவதுமாக, நடுவில் எந்த ஆறுதல் வாக்கியத்தையும் சேர்க்காமல் வாசித்தேன். நான்கு ஆண்டுக் கல்லூரிப் படிப்பு அன்றைக்கு எனக்கு வீணாகவில்லை என்பதை நன்றியோடு பதிவுசெய்கிறேன்.

நான் தவறியது அதற்குப் பிறகு. அடக்கம் முடிந்து ஒரு மாதத்துக்கு மேல் அந்த வீட்டுக்கு நான் போகவில்லை. வேலை இருந்தது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டாலும், போய் என்ன பேசுவது என்று தெரியாததுதான் உண்மையான காரணம். ஒருமுறை வழியில் பார்த்தபோது, அவன் எங்கே இருக்கிறான் என்று அந்தத் தாய் கேட்டார். நான் தேவனுடைய இரக்கத்தைப் பற்றி நீளமாகப் பேசினேன். அவர் தலையாட்டிவிட்டுப் போனார். அதன்பின் ஆராதனைக்கு வருவதை நிறுத்திவிட்டார்.

குருவானவராக அபிஷேகம் பெற்ற பிறகு, வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் நோயாளிகளிடையே அளிக்கப்படும் ஆயர்பணிப் பயிற்சிக்குப் போக வாய்ப்புக் கிடைத்தது. மனநல மருத்துவமனையில் தாமே நோயாளியாக இருந்து மீண்ட ஆன்டன் பாய்சன் என்ற போதகர் 1925இல் அமெரிக்காவில் தொடங்கிவைத்த முறையிலிருந்து வளர்ந்த பயிற்சி அது. துன்பப்படும் மனிதரையே ஒரு நூலைப் போலக் கவனமாக வாசிக்க வேண்டும் என்பது அவருடைய எண்ணம். நோயாளி ஒருவரோடு பேசிவிட்டு வந்ததும், அவர் சொன்னது, நான் சொன்னது, இடையில் இருந்த மௌனம் எல்லாவற்றையும் நினைவிலிருந்து வரிக்கு வரி எழுதி, உடன் பயில்வோர் முன் வாசிக்க வேண்டும். அங்கே நான் வார்டில் நடந்த உரையாடல்களோடு, அந்தத் தாயோடு வழியில் பேசியதையும் எழுதி வாசித்தேன். கேட்டுக்கொண்டிருந்த ஒரு செவிலியர், "அந்த அம்மா மகனைப் பத்திக் கேட்டாங்க, நீங்க கடவுளைப் பத்திச் சொன்னீங்க" என்றார். பட்டப்படிப்பின் எல்லாத் தேர்வுத் தாள்களையும் சேர்த்து வைத்தாலும் அந்த ஒரு வாக்கியம் எனக்குக் கற்பித்ததற்கு ஈடாகாது. ஊருக்குத் திரும்பியதும் அந்த வீட்டுக்குப் போனேன். அன்றைக்கு முழுவதும் மகனைப் பற்றி அவரே பேசினார், நான் கேட்டுக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகுதான் இந்தப் பயிற்சி முறை ஏன் இப்படி இருக்கிறது, வேறு எப்படி இருந்திருக்கிறது என்று தேடிப் படித்தேன். குவாத்தமாலாவில் பிரஸ்பிட்டேரியன் இறையியல் கல்லூரி ஒன்று, தலைநகரில் படித்தவர்கள் கிராமத்துக்குத் திரும்பிப் போகாததைக் கண்டு, முதலில் கல்லூரியையே கிராமப்புறத்துக்கு மாற்றி, அதுவும் போதாது என்று 1963 முதல் ஆசிரியர்களை மாணவர்கள் இருக்கும் ஊர்களுக்கே அனுப்பத் தொடங்கியது. மாணவர்கள் தங்கள் தொழிலையும் சபைப் பொறுப்பையும் விடாமல் வீட்டிலேயே பாடம் படித்து, ஆசிரியர் வரும் நாளில் கூடிப் பேசினார்கள். அதே முறையை இந்தியாவில் டாஃப்டீ என்ற இறையியல் கல்வி அமைப்பு 1971இல் எடுத்துக்கொண்டது. தைவானைச் சேர்ந்த இறையியலாளர் ஷோகி கோ, 1972இல், இறையியல் கல்வி அந்தந்த மக்களின் சூழலுக்குள்ளிருந்து பிறக்க வேண்டும் என்று உலகத் திருச்சபைகளின் முன் வலியுறுத்தினார். நம் பக்கத்திலேயே, 1969இல் உருவான மதுரை அரசரடி தமிழ்நாடு இறையியல் கல்லூரி, தமிழிலேயே கற்பித்ததோடு, மாணவர்கள் வளாகத்தை விட்டு வெளியேறிக் குடிசைப் பகுதிகளிலும் கிராமங்களிலும் தங்கி வாழ்ந்து படிக்கும் காலத்தைப் பாடத்திட்டத்துக்குள்ளேயே வைத்தது. இவற்றையெல்லாம் அறியும்போது, நான் தவறவிட்ட வாய்ப்புகளின் வருத்தம் ஒருபுறமிருக்க, இது யாரும் யோசிக்காத விஷயமல்ல என்ற தெம்பும் கிடைத்தது.

கல்லூரியே வேண்டாம், ஆவியின் அபிஷேகம் இருந்தால் போதும் என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. ஆறு வார வேதப் பயிற்சிச் சான்றிதழோடு ஊழியத்தைத் தொடங்கியவர்கள், நீரிழிவு நோயாளியை மருந்தை நிறுத்தச் சொன்னதன் விளைவை நான் ஒரு வீட்டில் நேரில் கண்டிருக்கிறேன். மொழியும் வரலாறும் தெரியாத குரு மக்களுக்கு ஆபத்தானவர். என் குறையெல்லாம் வரிசையைப் பற்றியது. எனக்குப் பாடங்கள் முதலில் வந்தன, அவற்றுக்குரிய கேள்விகள் பல ஆண்டுகள் கழித்து வந்தன. கேள்விகள் ஏற்கெனவே கையில் இருந்த அந்த ஓராண்டின் நோட்டை யாரும் திறக்கவில்லை.

இப்போது எங்கள் சேகரத்துக்குப் பயிற்சிக்கு அனுப்பப்படும் மாணவர்களோடு ஒரு சிறிய முயற்சி செய்துவருகிறோம். வந்த முதல் மூன்று மாதங்கள் அவர்கள் பிரசங்கம் செய்வதில்லை. வீடுகளுக்குப் போய், மக்கள் கேட்கும் கேள்விகளை எழுதிவருகிறார்கள். திங்கட்கிழமை மாலைகளில் குருமனையில் நான்கு பேர் உட்காருகிறோம்: மாணவர், நான், ஓய்வுபெற்ற ஒரு செவிலியர், பீடி சுற்றும் பெண்களின் சங்கத்தில் பொறுப்பிலிருக்கும் ஓர் அக்கா. மாணவர் ஓர் உரையாடலை எழுதி வாசிப்பார். பேசி முடித்த பிறகு, அந்த வாரம் எந்தப் புத்தகத்தைப் படிக்க வேண்டும் என்று முடிவுசெய்வோம். இதற்கு மதிப்பெண் ஒதுக்கும்படி மாணவரின் கல்லூரிக்கு எழுதினேன். பாடத்திட்ட விதிகளில் அதற்கு இடமில்லை என்று பதில் வந்தது. ஆனாலும் ஆசிரியர் ஒருவர் மூன்று நாட்கள் எங்களோடு வந்து தங்கினார். இரண்டாம் நாள் தாமே ஓர் உரையாடலை எழுதி வாசித்தார். விதியை மாற்ற வேண்டியவர்களுக்கு மீண்டும் எழுதப் போகிறேன்.

இந்த ஆண்டு வந்திருக்கும் மாணவரின் நோட்டில் முதல் பக்கத்திலேயே, நான் அன்று எழுதிவைத்த ஞாயிற்றுக்கிழமை பீடிக் கேள்வி இருந்தது. ஓய்வுநாள் மனுஷருக்காக உண்டாக்கப்பட்டது என்ற மாற்கு இரண்டாம் அதிகாரப் பகுதியை அவர் இந்த வாரம் கிரேக்கத்தில் வாசித்துக்கொண்டிருக்கிறார். திங்கட்கிழமைக் கூட்டம் இம்முறை குருமனையில் இல்லை. அக்கா வீட்டுத் திண்ணையில், இலை வெட்டிக்கொண்டே பீடி சுற்றும் பெண்கள் கேட்க, மாணவர் தமிழில் சொல்லப் போகிறார்.