கணக்கு நோட்டின் பின்பக்கங்கள்

2019 ஏப்ரல் 24, புதன்
காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் ஷூட்டிங், எனக்கு முதல் நாள் வேலை. புரொடக்‌ஷன் மேனேஜர் அண்ணனுக்கு ஊர் தெரிந்த ஆள் வேண்டும், எனக்குச் சம்பளம் வேண்டும். காலையில் மட்டும் 110 டீ. யாருக்குச் சர்க்கரை வேண்டாம் என்பதை நோட்டில் எழுதிக்கொண்டேன்.

மீன்பிடித் தடைக்காலம் 15ஆம் தேதியே தொடங்கிவிட்டது. ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குப் போகாது. படகுகள் சும்மா நிற்பதால் ஏறி இறங்கிப் படம் பிடிக்க வசதி என்று வந்திருக்கிறார்கள். ஆனால் எடுப்பது ஏலக் காட்சி. ஃபைபர் படகுகளில் வரும் நெத்திலியும் சங்கராவும் எத்தனை கூடைக்குக் காணும்? அடியில் ஐஸைக் கொட்டி மேலே மீனைப் பரப்பினார்கள். ஏலம் எடுப்பவர் கூடைக்குள் கையை விட்டுத்தான் பார்ப்பார், அம்மாவோடு நின்று எத்தனை விடிகாலை பார்த்திருக்கிறேன். மேனேஜரிடம் சொன்னேன். "நீ டீயைப் பாரும்மா" என்றார்.

2019 ஏப்ரல் 26, வெள்ளி
மைக்கில் "ஆக்‌ஷன்" என்று கத்தியதும் மீன் விற்கும் அக்காக்கள் அத்தனை பேரும் கேமராவைப் பார்த்துவிட்டார்கள். பதினோரு டேக். "இன்னாத்துக்கும்மா கத்துறான் அவன்? மீன் வாங்க வந்தானா, எங்கள மெரட்ட வந்தானா?" என்று ஒரு அக்கா என்னிடம் கேட்டார். சாப்பாட்டு நேரத்தில் அதே அக்கா நெத்திலி பேரம் பேசியதைப் பார்த்தேன். அந்தக் கையும் அந்தக் குரலும் காலையில் எடுத்த ஒரு டேக்கில்கூட இல்லை. படம் இயக்க வேண்டும் என்று முதல்முறை தோன்றியது இன்றைக்குத்தான்.

2019 டிசம்பர் 3
அடுத்த கம்பெனியில் இரண்டு மாத பேட்டா வரவில்லை. போனை எடுப்பதில்லை. அம்மா எதுவும் கேட்கவில்லை.

2020 அக்டோபர் 6, செவ்வாய்
கொரோனா விதிப்படி ஸ்பாட்டில் 75 பேருக்கு மேல் கூடாது. அதனால் ஒருவருக்கே இரண்டு வேலை. உதவி இயக்குநர் ஒருவர் வரவில்லை, கிளாப் போர்டு என் கைக்கு வந்துவிட்டது. ஷாட்டுக்கு ஷாட் எல்லாம் ஒத்துப்போகிறதா என்று பார்க்கும் கண்டினியூட்டியும் நானே. ராயபுரத்தில் மீன் கடைக் காட்சி. மூன்றாவது டேக்கில் ஐஸ் பாதி உருகிப் பலகையிலிருந்து சொட்டிக்கொண்டிருந்தது. முந்தைய ஷாட்டில் குவியலாக இருந்ததே! நிறுத்தச் சொன்னேன். டைரக்டர் மானிட்டரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இனி இந்தப் பொண்ணு டைரக்‌ஷன் சைடுல இருக்கட்டும்" என்றார். டீ கணக்கை வேறு பையனிடம் கொடுத்தேன், சர்க்கரை இல்லாத பட்டியலோடு.

2022 ஜூலை 17, ஞாயிறு
நாள் முழுக்க ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவாவைப் பற்றிப் படித்தேன். 1936இல் பி.சி.எல். ஸ்டுடியோவில் உதவி இயக்குநராகச் சேர்ந்திருக்கிறார். முதல் படம் இயக்கியது 1943இல். ஏழு வருடம்! அவருடைய குரு கஜிரோ யமமோட்டோ, இயக்குநராக வேண்டுமானால் முதலில் திரைக்கதை எழுது என்று சொல்லி வளர்த்தவர். எடிட்டிங் மேசையிலும் உட்கார வைத்திருக்கிறார். எனக்கு இது நான்காவது வருடம். இரவே உட்கார்ந்து எழுதத் தொடங்கினேன். முதல் காட்சி, ஏலம்.

2025 பிப்ரவரி 12, புதன்
என் படம், முதல் நாள். தயாரிப்பாளர் மே மாதம் போகலாம் என்றுதான் சொன்னார். தடைக்காலத்தில் கூடை நிரம்பாது என்று பிடிவாதமாக இருந்து பிப்ரவரியில் தேதி வாங்கினேன். விடிகாலை மூன்று மணிக்கே துறைமுகத்தில் இருந்தோம். அக்காக்களுக்கு முந்தைய வாரமே பேசி, அவர்கள் விலையிலேயே மீனுக்குப் பணம் கொடுத்தாயிற்று. மைக் வேண்டாம் என்றேன். கேமரா ஓடத் தொடங்கியதும் கையை மட்டும் இறக்கினேன். யாரும் திரும்பவில்லை. ஏலக்காரர் கூடைக்குள் முழங்கை வரை கையை விட்டு ஒரு வஞ்சிரத்தை இழுத்தார்.

இரண்டாவது டேக்கில் கன்டெய்னர் லாரி ஹாரன், சவுண்டு போயிற்று. மூன்றாவது ஓகே. அப்புறம்தான் கவனித்தேன், ஐஸ் உடைக்கும் ஆட்களுக்கு இன்னும் டீ போகவில்லை. பையனைக் கூப்பிட்டுப் பதினான்கு என்றேன்.