"அந்த வீடியோ இருக்கிறதா?" என்று கேட்கிறவர்களுக்கு

ஒரு பெண்ணின் அந்தரங்கக் காணொளி கசிந்துவிட்டதாகச் செய்தி வந்தால் போதும், "யாரிடமாவது இருக்கிறதா?" என்ற கேள்வி உறவினர்களும் பழைய வகுப்புத் தோழர்களும் இருக்கிற வாட்ஸ்அப் குழுக்களுக்குள்ளும் வந்துவிடுகிறது. கேட்கிறவர் சித்தப்பா முறை ஆகிறவராகவோ கூடப் படித்தவராகவோ இருப்பதால், கடிந்து சொல்லத் தயங்கி, "என்னிடம் இல்லை" என்று ஒதுங்கிக்கொள்கிறோம். இருந்தால் அனுப்பியிருப்பேன் என்றுதான் அந்தப் பதில் ஒலிக்கிறது. "இங்கே யாரும் அதை அனுப்ப வேண்டாம்" என்பதே என் பதில். குழு நிர்வாகியாக இருந்தால், பிறர் அனுப்பியதையும் எல்லோருக்குமாக நீக்கிவிட முடியும்.

வந்ததைத்தானே அனுப்பினேன் என்ற சமாதானம் செல்லாது. வெளிப்படையான பாலியல் காட்சிகளை மின்னணு வடிவில் அனுப்புகிறவருக்குத் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஏ பிரிவு, முதல் முறையிலேயே 5 ஆண்டுகள் வரை சிறையும் 10 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கிறது. காட்சியில் இருப்பவர் 18 வயது நிரம்பாதவர் என்றால், 67பி பிரிவின்படி தேடுவதும் பதிவிறக்குவதும்கூடக் குற்றம். கைப்பேசியில் அத்தகைய காணொளிகளை வைத்திருந்த சென்னை இளைஞர் ஒருவர் மீதான வழக்கை 2024 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தபோது, தனியே பார்த்தால் தவறில்லை என்று பலர் எடுத்துக்கொண்டார்கள். அதே ஆண்டு செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவைத் தள்ளிவிட்டு வழக்கை மீண்டும் உயிர்ப்பித்ததை அவர்களில் எத்தனை பேர் படித்தார்களோ!

எனக்கு அதிகம் எரிச்சலூட்டுவது, "இவனைப் பிடிக்கும்வரை பகிருங்கள்" என்று காணொளியையும் சேர்த்தே அனுப்புகிற நல்லெண்ணக்காரர்கள்தான். அனுப்பிய எண், நேரம், இணைப்பு ஆகியவற்றைக் குறித்துக்கொண்டு, தேசிய சைபர் குற்றப் புகார் தளத்தில் பதிவு செய்தால் போதும். பெண்கள், குழந்தைகள் தொடர்பான இத்தகைய புகாரைப் பெயர் சொல்லாமலும் அங்கே தரலாம்.

பாதிக்கப்பட்டவர் நமக்குத் தெரிந்தவர் என்றால், வயது வந்தோருக்கான 'ஸ்டாப்என்சிஐஐ', 18 வயதுக்கு முன் எடுக்கப்பட்ட படங்களுக்கான 'டேக் இட் டவுன்' ஆகிய, அந்தரங்கப் படங்களை இணையத்திலிருந்து நீக்க உதவுகிற சேவைகளைச் சொல்லலாம். படத்தை எங்கும் பதிவேற்றத் தேவையில்லை. அவருடைய கருவியிலேயே அதற்கு ஒரு கைரேகைபோல எண்குறி உருவாகி, அது மட்டும் இதில் சேர்ந்துள்ள இணைய நிறுவனங்களுக்குப் போகிறது, அவர்கள் தங்கள் தளங்களில் அதே படத்தைத் தேடி நீக்குகிறார்கள். மறையாக்கம் செய்யப்பட்ட, அதாவது அனுப்புகிறவரும் பெறுகிறவரும் மட்டுமே பார்க்கக்கூடிய தனி உரையாடல்களுக்குள் இது எட்டாது என்பதால், குழுக்களில் சுற்றுகிற பிரதிகளை அங்கே இருக்கிறவர்கள்தான் அழித்தாக வேண்டும்.