இனவெறி படிக்காதவங்க வேலைன்னு சொல்றதை நிறுத்துங்க

எங்கயாவது இனவெறித் தாக்குதல் நடந்தா உடனே யாராவது ஒருத்தர் வந்து "படிப்பறிவு இல்லாததால வர்ற பிரச்சினை, கல்வி வந்தா தானா சரியாயிடும்"னு சொல்லுவாங்க. நல்ல மனசோடதான் சொல்றாங்க. ஆனா கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோவம்தான் வருது, ஏன்னா கடந்த ஐநூத்தி சொச்சம் வருஷ வரலாறு இதுக்கு நேர் எதிரா இருக்கு. இனவெறிக்கு சட்டம் எழுதினது, பட்டியல் போட்டது, மண்டையோட்டை அளந்தது, சான்றிதழ் கொடுத்தது எல்லாமே அந்தந்தக் காலத்துல நல்லா படிச்சிருந்தவங்க. தெருவுல கல்லெறிஞ்சவன் பின்னாடி வந்தவன்.

ஸ்பெயின்ல இருந்து ஆரம்பிக்கலாம். 1391ல அங்க பல ஊர்ல யூதர்களைக் கொன்னாங்க, உயிருக்குப் பயந்து ஆயிரக்கணக்கானவங்க கிறிஸ்தவங்களா மாறிட்டாங்க. பழைய வெறுப்பு மதத்தை வச்சு மட்டும் இருந்திருந்தா கதை அங்கயே முடிஞ்சிருக்கணும்ல, கேட்டபடி மாறியாச்சே. முடியல. மாறினவங்க மேல வந்து நல்ல பதவிகள்ல உட்கார ஆரம்பிச்சதும் 1449ல டோலிடோ நகரத்துல ஒரு சட்டம் போட்டாங்க, யூத வம்சத்துல வந்தவன் கிறிஸ்தவனாவே இருந்தாலும் பதவிக்கு வர முடியாதுன்னு. இதை அப்போதைய போப்பே எதிர்த்தார், ஆனாலும் நிக்கல. அதுக்கப்புறம் கல்லூரி, சர்ச் பதவி, வீரர் அமைப்புன்னு ஒவ்வொரு இடமா "சுத்த ரத்தம்"னு நிரூபிக்க வம்சாவளிப் பேப்பர் கேட்க ஆரம்பிச்சாங்க. மதம் மாறலாம், ரத்தம் மாற முடியாது. இந்த ஒரு யோசனைதான் பின்னாடி வந்த எல்லாத்துக்கும் அடித்தளம்னு நான் நினைக்கிறேன்.

இதே யோசனை அட்லாண்டிக்குக்கு அந்தப் பக்கம் பணத்துக்காக வந்துச்சு. வர்ஜீனியா காலனியில 1662ல ஒரு சட்டம், பிறக்குற குழந்தை அடிமையா இல்லையாங்கிறதை அம்மாவை வச்சுத்தான் முடிவு பண்ணணும்னு. இங்கிலாந்து வழக்கப்படி அப்பாவைத்தான் பார்க்கணும், அதைத் திருப்பிப் போட்டாங்க. எதுக்குன்னா முதலாளி அடிமைப் பெண்ணைக் கெடுத்துப் பிறக்குற குழந்தையும் முதலாளியோட சொத்தாவே இருக்கணும், அவ்வளவுதான். 1667ல இன்னொண்ணு, ஞானஸ்நானம் வாங்கினாலும் அடிமை அடிமைதான். இந்த ரெண்டு சட்டத்தையும் எழுதினது சட்டசபையில உட்கார்ந்திருந்த கனவான்கள்.

அப்புறம் அறிவியல் வந்துச்சு. ஸ்வீடனோட லின்னேயஸ், செடி கொடிக்கெல்லாம் பேரு வச்ச அதே ஆள், 1758ல வந்த தன்னோட புத்தகத்துல மனுஷங்களையும் நாலு வகையாப் பிரிச்சு, ஐரோப்பியர் சட்டத்தால ஆளப்படுறவங்க, ஆப்பிரிக்கர் மனம் போன போக்குல போறவங்கன்னு எழுதி வச்சார். அவர் ஆப்பிரிக்காவுக்குப் போனதே இல்ல.

யூத வெறுப்போட கதை இந்த இடத்துல கொஞ்சம் தனியா போகுது, அதைப் பொறுமையா பார்க்கணும். பிரெஞ்சுப் புரட்சிக்கப்புறம் 1791ல பிரான்ஸ்ல யூதர்களுக்கு சம உரிமை, 1871க்குள்ள ஜெர்மனி முழுக்கக் கிடைச்சாச்சு. இனி பிரச்சினை தீர்ந்துச்சுன்னு நினைச்சவங்க நிறைய. ஆனா உரிமை கொடுத்த எட்டே வருஷத்துல, 1879ல, வில்ஹெல்ம் மார்னு ஒரு பத்திரிகைக்காரர் யூதர்களை எதிர்க்கிறதுக்குன்னே ஒரு சங்கம் ஆரம்பிச்சார், இது மதச் சண்டை இல்ல, இனச் சண்டைன்னு சொல்லி. அதே வருஷம் பெர்லின் பல்கலைக்கழக வரலாற்றுப் பேராசிரியர் டிரைட்ஷ்கே "யூதர்கள் நமக்கு வந்த கேடு"ன்னு எழுதினார். மார் சொன்னதை விட இவர் சொன்னதுதான் பெரிய சேதம், ஏன்னா பேராசிரியரே சொல்லிட்டா அது கௌரவமான கருத்து ஆயிடுது. மம்சென் மாதிரி அதே பல்கலைக்கழகத்துல இருந்த வரலாற்று ஆசிரியர்களே அவரை எதிர்த்து எழுதினாங்க, அதையும் சொல்லணும். ஆனா அந்த ஒரு வரி பின்னாடி நாஜி பத்திரிகையோட முதல் பக்கத்துல வாராவாரம் அச்சாச்சு.

கறுப்பின மக்கள் மேல இருந்த வெறி அவங்களைத் தனக்குக் கீழன்னு பார்த்துச்சு. யூத வெறுப்பு அப்படி இல்ல, அவங்க ரகசியமா மேல உட்கார்ந்து எல்லாத்தையும் ஆட்டி வைக்கிறாங்கன்னு பயந்துச்சு. அதனாலதான் ஒரே வாயால அவங்களை முதலாளின்னும் திட்ட முடிஞ்சுது, கம்யூனிஸ்ட்னும் திட்ட முடிஞ்சுது. 1903ல ரஷ்யாவுல உலகத்தை ஆள யூதர்கள் போட்ட சதித்திட்டம்னு ஒரு போலி ஆவணம் வெளிவந்துச்சு. 1921லயே லண்டன் டைம்ஸ் பத்திரிகை இது பழைய பிரெஞ்சுப் புத்தகம் ஒண்ணைப் பார்த்துக் காப்பி அடிச்சதுன்னு வரிக்கு வரி காட்டிடுச்சு. காட்டி என்ன பிரயோஜனம், அது இன்னைக்கும் புதுசு புதுசா அச்சாகுது. சதிக்கதையை நம்புறவனுக்கு மறுப்பே அடுத்த சாட்சி ஆயிடுது.

காலனியில வளர்ந்த இனவெறி நாஜி ஜெர்மனிக்குள்ள ஒரே மனுஷன் மூலமா வந்து சேர்ந்த கதை ஒண்ணு இருக்கு. இன்னைக்கு நமீபியான்னு சொல்ற நாடு அப்போ ஜெர்மன் காலனி. அங்க 1904ல இருந்து 1908 வரைக்கும் ஹெரெரோ, நாமா மக்களை ஜெர்மன் படை கொன்னு குவிச்சுது, பாலைவனத்துக்குள்ள விரட்டி, முகாம்கள்ல அடைச்சு. செத்தவங்க மண்டையோடுகளை ஆராய்ச்சிக்குன்னு பெர்லினுக்கு அனுப்பினாங்க. அது முடிஞ்ச கையோட 1908ல ஆய்கன் ஃபிஷர்னு ஒரு மானுடவியல் டாக்டர் அங்க ரெஹோபோத்ங்கிற ஊருக்குப் போய், வெள்ளைக்கார ஆண்களுக்கும் ஆப்பிரிக்கப் பெண்களுக்கும் பிறந்த வம்சத்துல வந்தவங்களை அளந்து 1913ல புத்தகம் போட்டார். கலப்பு கூடாதுங்கிறதுதான் அவரோட முடிவு. 1927ல பெர்லின்ல பெரிய மானுடவியல் ஆராய்ச்சி நிறுவனத்துக்கு இயக்குநர், 1933ல பெர்லின் பல்கலைக்கழகத்துக்கே தலைவர். முதல் உலகப் போருக்கப்புறம் ஜெர்மனியோட ரைன்லாந்துப் பகுதியில இருந்த பிரெஞ்சுப் படையோட ஆப்பிரிக்க, ஆசிய வீரர்களுக்கும் ஜெர்மன் பெண்களுக்கும் பிறந்திருந்த குழந்தைகளை 1937ல நாஜிகள் பிடிச்சுட்டுப் போய் கருத்தடை பண்ணினப்போ, இந்தப் பிள்ளைகளைப் பார்த்து சான்று எழுதிக் கொடுத்தது இவரும் இவரோட ஆட்களும். போருக்கப்புறம் எந்த வழக்கும் அவர் மேல வரல, 1967ல வயசாகி செத்தார். எனக்கு இதைத் தாங்கவே முடியல.

ஜெர்மனியை மட்டும் சொல்லித் தப்பிக்கவும் முடியாது. குழந்தை பெத்துக்கத் தகுதி இல்லாதவங்கன்னு அரசு முத்திரை குத்தினவங்களுக்குக் கட்டாயக் கருத்தடை பண்ற சட்டம் முதல்ல வந்தது 1907ல அமெரிக்காவோட இண்டியானாவுல, 1927ல அமெரிக்க உச்ச நீதிமன்றமே அப்படிப்பட்ட சட்டம் செல்லும்னு தீர்ப்பு கொடுத்துச்சு. அந்த மாதிரி சட்டங்களுக்கு ஒரு பொது வரைவு எழுதின அமெரிக்கர் ஹாரி லாஃப்லினுக்கு 1936ல ஹைடல்பெர்க் பல்கலைக்கழகம் கௌரவ டாக்டர் பட்டம் கொடுத்துச்சு.

1935ல யூதர்களோட குடியுரிமையைப் பறிச்ச நாஜிகளோட நியூரம்பெர்க் சட்டம் வந்தப்போ என்னாச்சுன்னு பாருங்க. ரத்தம் ரத்தம்னு அவ்வளவு கத்தினாங்களே, யாரு யூதர்னு கண்டுபிடிக்க ரத்தத்துல ஒண்ணுமே கிடைக்கல. கடைசியில தாத்தா பாட்டி நாலு பேர்ல எத்தனை பேர் யூத மதத்துல இருந்தாங்கன்னு பார்த்துத்தான் முடிவு பண்ணினாங்க, மூணோ நாலோ இருந்தா யூதர். அதாவது இனத்துக்கு சாட்சியே மதப் பதிவேடு. ஜெர்மன் மக்கள் லட்சக்கணக்குல சர்ச்சுக்குப் போய் பழைய ஞானஸ்நானப் பதிவேட்டைத் தேடி சான்றிதழ் வாங்கினாங்க, பாதிரியாரும் குமாஸ்தாவும் ராத்திரி பகலா எழுதிக் கொடுத்தாங்க. அந்த அறிவியல் முழுக்கப் பொய்ங்கிறது அந்த ஒரு விதியிலயே தெரியுது, ஆனா அந்தப் பொய்யை வச்சே அறுபது லட்சம் யூதர்களைக் கொன்னாங்க. 1942 ஜனவரியில பெர்லின் ஓரத்துல இருக்கிற வான்சேயில கூடி அந்தக் கொலையை ஒருங்கிணைச்ச 15 பேர்ல 8 பேர் டாக்டர் பட்டம் வாங்கினவங்க.

பேப்பர் எப்படிக் கொல்லும்ங்கிறதுக்கு ருவாண்டாவும் சாட்சி. பெல்ஜியக்காரங்க 1930கள்ல தங்க ஆட்சியில இருந்த அந்த நாட்டுல ஒவ்வொருத்தர் அடையாள அட்டையிலயும் ஹுட்டு, டுட்சின்னு இனத்தை எழுதினாங்க, சுதந்திரத்துக்கப்புறமும் அது போகல, 1994ல டுட்சி மக்களை இனப்படுகொலை பண்ணினப்போ சாலைத் தடுப்புல நின்ன கொலைகாரங்க கேட்டது அந்த அட்டையைத்தான்.

இப்ப நடக்கிறதுக்கு வரேன். இனவெறியை எதிர்க்கிற சிலர் யூத வெறுப்புன்னா முகத்தைத் திருப்பிக்கிறாங்க, யூத வெறுப்பை எதிர்க்கிற சிலருக்கு மத்த இனவெறி கண்ணுக்கே தெரியல. கொலைகாரங்க அப்படிப் பிரிச்சுப் பார்க்கிறது இல்ல. 2018ல பிட்ஸ்பர்க் யூத ஆலயத்துல 11 பேரைச் சுட்டவனுக்கு அகதிகளுக்கு உதவுற யூத அமைப்பு மேல வெறி, குடியேறிகளைக் கொண்டு வர்றதே அவங்கதான்னு நம்பினான். 2022 மே மாசம் பஃபலோவுல சூப்பர் மார்க்கெட்ல கறுப்பின மக்கள் 10 பேரைக் கொன்னவன் எழுதி வச்சிருந்ததுல யூதர்களைப் பத்திப் பக்கம் பக்கமா இருந்துச்சு. கீழன்னு நினைக்கிற ஜனங்க எப்படி முன்னேற முடியும், யாரோ மேல இருந்து தூண்டி விடுறாங்கன்னு ஒரு விளக்கம் அவனுக்கு வேணும், நூறு வருஷப் பழைய போலி ஆவணத்தோட கதை அதுக்கு ரெடியா இருக்கு.

அவன் எழுதினதுல மரபணு ஆராய்ச்சிக் கட்டுரைகளும் இருந்துச்சு, படமும் கிராஃபும் எடுத்துப் போட்டிருந்தான். அதுக்கப்புறம் அந்தத் துறையில இருக்கிற விஞ்ஞானிகள், எங்க வேலையை இப்படி எடுத்துட்டுப் போகாம எப்படி எழுதுறது, எப்படி வெளியிடுறதுன்னு தங்களுக்குள்ள இன்னும் வெளிப்படையா பேசினாங்க. லின்னேயஸ் காலத்துலயே நடந்திருக்க வேண்டிய பேச்சு அது.