தூரக் கம்பத்தில் நின்றவர்

வருகிற டிசம்பர் 16ஆம் திகதியோடு, தென்கொரியாவுக்கு எதிராக ஈரான் உதைபந்தாட்ட அணியின் முன்வரிசைக்காரர் அலி டாயி நான்கு கோல்கள் போட்டு முப்பது வருடங்கள் நிறைகின்றன. நமக்குப் பள்ளியில் உதைபந்து பழக்கிய சேர் இந்த வருடம் நம்மோடு இல்லை. இரண்டையும் சேர்த்துத்தான் நமது பழைய மாணவர் சங்கத்தின் இந்த மலருக்கு எழுத முடிகிறது. தலையால் பந்தடிக்க நம்மைப் பழக்கியவர் சேர். அவர் சொன்னதெல்லாம் ஒரே உடம்பில் கூடி நின்றது டாயியிடம்.

வேப்பங்கிளையில் கட்டிய கயிறு, அதன் நுனியில் வலைப்பைக்குள் தொங்கும் பந்து, அதைத் தலையால் அடித்துப் பழகும் நாம். நம் பள்ளிக்கூடத்தாருக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. மழை நாளில் தோல்பந்து தண்ணீர் குடித்துக் கல்லாகிவிடும் என்பதும், அப்போதும் சேர் கயிற்றை ஒரு சாண் உயர்த்திக் கட்டுவார் என்பதும் எல்லோருக்கும் தெரியும். இன்று அப்படிப் பழக்க விடமாட்டார்கள், விடவும் கூடாது. அமெரிக்காவில் 2015இலிருந்து பத்து வயதுக்கும் அதற்குக் கீழும் உள்ள பிள்ளைகள் தலையால் அடிப்பதையே நிறுத்திவிட்டார்கள். மூளைக்கு வரும் சேதத்தைப் பற்றி அன்று நம்மில் யாருக்கும் தெரியாது, சேருக்கும் தெரியாது. ஆனால் உடம்பை எப்படி வைத்திருக்க வேண்டும் என்று அவர் சொன்னதில் ஒரு சொல்லும் பிழையில்லை.

பந்து படவேண்டிய இடம் புருவத்துக்கும் மயிர் தொடங்கும் கோட்டுக்கும் இடையிலுள்ள தட்டையான எலும்பு. உச்சந்தலையில் பட்டால் பந்து மேற்கம்பத்துக்கு மேலால் போகும், தலையும் வலிக்கும். அப்படிப் படுவதற்குக் காரணம் பெரும்பாலும் ஒன்றுதான்: கடைசி நொடியில் கண்ணை மூடுவது. வாய் மூடியிருக்க வேண்டும், பல் இறுகியிருக்க வேண்டும், நாடி உள்ளே இழுபட்டிருக்க வேண்டும். கழுத்து தளர்ந்திருந்தால் பந்துதான் தலையை அடிக்கும். அடிக்கும் விசை இடுப்பிலிருந்து வர வேண்டும். உடம்பு வில்லாகப் பின்னால் வளைந்து முன்னால் திரும்பும்போது கழுத்து அதோடு சேர்ந்து வர வேண்டும். நின்ற இடத்தில் நின்று எழும்புவதைவிட மூன்று நாலு எட்டு வைத்து ஓடிவந்து ஒற்றைக் காலில் எழும்பினால் உயரம் கூடும். அடிக்கும் திசை கீழே. கோல் காப்பாளருக்குக் கஷ்டமான பந்து, அவருக்கு முன்னால் நிலத்தில் குத்தி எழும்புகிற பந்து.

இதெல்லாம் பாதிதான். மீதிப் பாதி எங்கே நிற்பது என்பது. கோல் வாயின் அகலம் 7.32 மீற்றர். வலப்பக்கத்திலிருந்து பந்து வரும்போது காப்பாளர் அருகிலுள்ள கம்பத்தைப் பார்த்துத்தான் நிற்பார். தடுப்பாட்டக்காரரோ பந்தையும் பார்க்க வேண்டும், தான் மறிக்கும் ஆளையும் பார்க்க வேண்டும். இரண்டும் ஒருசேர முடியாது. அவர் பந்தைப் பார்க்கத் திரும்பும் கணத்தில், அவருடைய முதுகுப் பக்கமாக இரண்டு எட்டுப் பின்வாங்கி நிற்பவர் கண்ணில் படமாட்டார். அந்த இரண்டு எட்டும்தான் ஓடிவந்து எழும்பத் தேவையான இடம். இப்படிப் பந்து வரும் பக்கத்துக்கு மறுபக்கத்திலுள்ள தூரக் கம்பத்தில் நிற்பது சோம்பல் என்று பார்ப்பவர்கள் நினைப்பார்கள். டாயியின் கோல்களில் எத்தனையோ அந்த இரண்டு எட்டில் பிறந்தவை.

அவர் பிறந்தது 1969 மார்ச் 21, ஈரானியரின் புத்தாண்டான நவ்ரூஸ் நாளில். ஊர் அர்தபீல், ஸபலான் மலையடிவாரம், வீட்டுமொழி அஸெரித் துருக்கி. தெஹ்ரானில் ஷரீஃப் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் உலோகவியல் பொறியியல் படித்தார். அந்த நாட்டில் கணக்கில் மிகக் கெட்டியான பிள்ளைகளுக்கே அங்கே இடம் கிடைக்கும். படிப்போடு படிப்பாகத் தலைநகரின் வாடகைக்கார் நிறுவனத்தின் அணியான தாக்ஸிரானியில் ஆடினார், பிறகு தெஜாரத் வங்கி அணியில். பெரிய கழகமான பெர்ஸெபொலிஸுக்கு வந்தது 1994இல்தான். தேசிய அணிக்கு 1993 ஜூனில் பாகிஸ்தானுக்கு எதிராக முதன்முதலாக இறங்கியபோது வயது 24. இன்றைய கணக்கில் அது பிந்திய தொடக்கம். அந்த வருடம் ஒக்டோபரில் தோஹாவில், உலகக் கிண்ணத் தகுதிகாணும் இறுதிச் சுற்றில் ஈரான் ஜப்பானை 2–1 என்று வென்றபோது இரண்டாவது கோல் அவருடையது.

1996 டிசம்பர் 16, துபாய், ஆசியக் கிண்ணக் காலிறுதி. இடைவேளையில் கொரியா 2–1 என்று முன்னால் நிற்கிறது. இடைவேளை முடிந்த சில நிமிடங்களில் டாயியின் சோடி முன்வரிசைக்காரர் கொடாதாத் அஸீஸி சமன் செய்கிறார். அதற்குப் பிறகு 66ஆம் நிமிடம், 76, 83, கடைசியாக 89இல் தண்ட உதை, நான்கும் டாயி. முடிவு 6–2. கொரியர் அன்றும் ஆசியாவின் முதல் வரிசை அணி, 1986 முதல் ஒவ்வோர் உலகக் கிண்ணத்துக்கும் போய்க்கொண்டிருந்தவர்கள். அவர்களை இருபத்துமூன்று நிமிடத்துக்குள் ஒரே ஆள் இப்படி உடைத்ததற்கு உயரம் மட்டும் காரணமில்லை. பின்னால் இருந்த அணி முன்னால் வந்ததும் கொரியரின் பின்வரிசை மேலே ஏறிவரத் தொடங்கியது. ஏறிவந்த வரிசைக்குப் பின்னால் அஸீஸி ஓடினார். அவரை மறிக்க ஒருவர் விலகியதும் டாயிக்கு இடம் விழுந்தது. உருவில் சிறியவரும் பெரியவரும் சோடியாக ஆடினால் தடுப்பவர்கள் யாரைப் பிடிப்பது என்று திணறுவார்கள். அந்தத் தொடரில் எட்டுக் கோல்களோடு அதிக கோல் போட்டவர் டாயிதான். ஈரானுக்கு மூன்றாமிடம்.

அதே சோடி அடுத்த வருடம் நவம்பர் 29இல் மெல்போனில் செய்ததை இன்னும் உயர்வாகச் சொல்வேன். அவுஸ்திரேலியா 2–0 என்று முன்னால் நின்றது. கரீம் பகேரி ஒன்று போட்டார். நான்கு நிமிடம் கழித்து டாயி பந்தைப் பெற்று, தடுப்பாட்டக்காரர்களுக்கு நடுவால் அஸீஸியின் ஓட்டத்துக்கு முன்னால் தள்ளினார். அஸீஸி காப்பாளர் பொஸ்னிச்சைத் தாண்டி அடித்தார். 2–2, இரண்டு ஆட்டமும் சேர்ந்து சமனானதால் வெளியூரில் அதிக கோல் போட்ட அணி என்ற கணக்கில் ஈரான் இருபது வருடத்துக்குப் பிறகு உலகக் கிண்ணத்துக்குப் போனது. டாயியை வெறும் தலைக்காரர் என்பவர்கள் அந்த ஒரு பந்தைப் பார்க்க வேண்டும். தானே திரும்பி அடிக்க முயலாமல் விட்டதில் இருக்கிறது அவருடைய புத்தி.

அந்த ஆட்டம் நடக்கும்போது அவர் ஏற்கெனவே ஜேர்மனியில் இருந்தார். 1997 கோடையில் பகேரியும் அவரும் பீலஃபெல்ட்டுக்கு வந்தார்கள். நம்மவர் நிறையப் பேர் வாழும் வட ரைன்–வெஸ்ட்பாலியா மாநிலத்து நகரம்தான் அது. 25 ஆட்டம், 7 கோல். அணி தரமிறங்கியது, அவரோ பயர்ன் மியூனிக்குக்கு ஏறினார். அங்கே 23 ஆட்டம், 6 கோல். பிறகு பேர்லினில் ஹெர்த்தாவுக்கு மூன்று பருவம்: 59 ஆட்டம், 6 கோல். மொத்தம் 107 ஆட்டத்தில் 19. ஈரானுக்கு இரண்டு ஆட்டத்துக்கு ஒன்றுக்கு மேல் போட்ட ஒருவருக்கு ஏன் இப்படி?

ஜேர்மனியில் அவருடைய வேலை வேறு. தேசிய அணியில் பக்கவாட்டில் மெஹ்தி மஹ்தவிக்கியா போன்றவர்கள் ஓடியோடிப் பந்தைத் தூக்கிப் போட்டது அவருடைய தலைக்காகத்தான். பயர்னில் எல்பரும் யாங்கரும் அவருக்கு முன்னால். பயிற்றுநர் ஹிட்ஸ்ஃபெல்ட் ஆட்களை மாற்றி மாற்றி இறக்குபவர். ஹெர்த்தாவில் கோல் போடுபவர் ப்ரெட்ஸ். டாயியின் பங்கு கோலுக்கு முதுகு காட்டி நின்று, முதுகில் ஒருவரைத் தாங்கிக்கொண்டு, வரும் பந்தை நெஞ்சிலோ காலிலோ நிறுத்தி அடுத்தவருக்கு வைத்துக் கொடுப்பது. அந்த இடத்தில் நிற்பவர் பந்து பக்கவாட்டிலிருந்து வரும்போது கோலுக்கு முன்னாலுள்ள பெட்டிக்கு வெளியே மாட்டிக்கொள்வார். தூரக் கம்பத்துக்குப் போக அவருக்கு நேரமிருக்காது. ஆனாலும் 1999 செப்டெம்பரில் பேர்லினில் செல்சிக்கு எதிராக இரண்டு கோல், ஹெர்த்தா 2–1. ஒரு வாரம் கழித்து மிலானின் சொந்த மைதானத்தில் இன்னொன்று. ஐரோப்பியக் கழகங்களின் சம்பியன்ஸ் லீக்கில் ஓர் ஆசியர் அப்படிப் போட்டதை அதுவரை நாம் கண்டதில்லை.

எனக்கு ஆறாதது பார்சலோனா. 1999 மே 26, கம்ப் நூ மைதானம், மான்செஸ்டர் யுனைட்டட்டோடு சம்பியன்ஸ் லீக் இறுதியாட்டம். எல்பர் காயம். பயர்ன் 1–0 என்று முன்னால். டாயி மாற்று ஆட்டக்காரர் வாங்கில். 71இல் ஷொல் இறங்கினார், 80இல் ஃபிங்க், கடைசியில் ஸலிஹமிட்ஷிச். மாற்றம் மூன்றும் முடிந்தது. மேலதிக நேரத்தில் பெக்காமின் இரண்டு கோர்னர், ஷெரிங்ஹாம், ஸோல்ஷார், மான்செஸ்டர் 2–1. கோர்னரைத் தடுக்கும்போது உயரமான முன்வரிசைக்காரரைத் திருப்பிக் கூப்பிட்டு அருகிலுள்ள கம்பத்தடியில் நிறுத்துவது பல அணிகள் செய்வது. முதல் பந்தைத் தலையால் வெளியே எறிய அவரைவிட நல்ல ஆள் இல்லை. ஆசியாவின் மிகச் சிறந்த தலை அன்று கோட்டுக்கு வெளியே உட்கார்ந்து இரண்டு கோர்னரையும் பார்த்துக்கொண்டிருந்தது. அவர் இறங்கியிருந்தால் கிண்ணம் வந்திருக்கும் என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் அந்தக் கோர்னர்களை நினைக்கும்போதெல்லாம் அந்த வாங்கு கூடவே நினைவுக்கு வருகிறது. தூரதேசத்தில் எல்லாவற்றுக்கும் தயாராக நின்றும் கூப்பிடப்படாமல் இருப்பது எப்படியென்று நமது சங்கத்தில் பலருக்கு நான் சொல்லத் தேவையில்லை.

2002இல் அவர் ஐரோப்பாவை விட்டார். துபாயில் ஒரு பருவம், பிறகு தெஹ்ரான். ஈரானுக்கான கோல் எண்ணிக்கை அதற்குப் பிறகும் ஏறியது. 2003இல் லெபனானுக்கு எதிராக 85ஆவது கோல். அதுவரை முன்னால் நின்ற ஹங்கேரியின் புஷ்காஷ் தாண்டப்பட்டார். 2004 நவம்பர் 17இல் லாவோஸுக்கு எதிராக நான்கு. ஆண்கள் சர்வதேச உதைபந்தாட்டத்தில் நூறைத் தொட்ட முதல் மனிதர் ஆனார்.

'சின்ன நாடுகளுக்குப் போட்ட கோல்கள்' என்று சொல்பவர்களுக்கு ஒரு பதில் வைத்திருக்கிறேன். அந்தப் பட்டியலில் நமது நாடும் உண்டு. 1996 ஆசியக் கிண்ணத் தகுதிச் சுற்றில் இலங்கை ஈரானின் குழுவில் இருந்தது. பலவீனமான அணி பதினொரு பேரையும் பெட்டிக்குள் குவித்துவிடும். ஓட இடமிருக்காது, பந்து மேலால்தான் வர வேண்டும். இறங்கியோரில் பெரும்பாலானோர் மூன்றாவது கோலுக்குப் பிறகு நடக்கத் தொடங்குவார்கள். ஐந்தாவது கோலுக்கும் அதே இரண்டு எட்டுப் பின்வாங்கி, அதே உயரம் எழும்புபவர்தான் பதின்மூன்று வருடத்தில் நூறைத் தாண்டுவார். பந்து யாருடைய வலையில் விழுந்தாலும் எழும்பும் உயரம் ஒன்றுதான்.

2006இல் திரும்பவும் ஜேர்மனி. இந்தமுறை உலகக் கிண்ணம், அணித்தலைவராக, 37 வயதில். கால் கனத்துவிட்டது. நூரம்பெர்க்கில் மெக்ஸிகோவிடம் 1–3. அவரை ஏன் இன்னும் இறக்குகிறார்கள் என்று சொந்த நாடே கேட்டது. போர்த்துகலுக்கு எதிராக ஆடவில்லை. லைப்சிக்கில் அங்கோலாவுடன் 1–1. அதுவே தேசிய அணிக்குக் கடைசி ஆட்டம். இரண்டு உலகக் கிண்ணத்திலும் ஒரு கோலும் இல்லை. தூரக் கம்பத்தில் நிற்பவருக்கு வயது முதலில் தெரிவது எழும்புவதில் இல்லை, அந்த முதல் எட்டில். முன்னர் தடுப்பவர் திரும்புமுன் புறப்பட்டவர், இப்போது அவர் திரும்பிப் பார்த்த பிறகு புறப்படுகிறார். அரை எட்டுத்தான் வித்தியாசம். அந்த அரை எட்டை யாரும் அவருக்குத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார்களா? சொன்னால் கேட்டிருப்பாரா? அடுத்த வருடம் ஸாய்ப்பா கழகத்துக்கு ஆடிக்கொண்டே பயிற்றுவித்து, ஈரான் லீக்கை வென்று, 38 வயதில் சப்பாத்தைக் கழற்றினார். விலகியதற்கு அதைவிட நல்ல நாள் இல்லை.

ஊரிலேயே இருந்துவிட்டார் என்பதை இப்போது அடிக்கடி நினைக்கிறேன். 2017இல் ஈரானின் ஸர்போல்-எ-ஸஹாப் நகரில் நிலம் அதிர்ந்தபோது சனங்கள் காசை நம்பிக் கொடுத்தது அவரிடம். 2022இல் மக்கள் அரசை எதிர்த்து வீதிக்கு வந்தபோது அவர்கள் பக்கம் பேசினார். அதிகாரிகள் அவருடைய கடவுச்சீட்டைப் பறித்தார்கள், பிறகு திருப்பிக் கொடுத்தார்கள், கடைகளைப் பூட்டினார்கள், துபாய்க்குப் பறந்த விமானத்தைக் கீஷ் தீவில் இறக்கி மனைவியையும் மகளையும் இறக்கினார்கள். போவதற்கு அவருக்கு உலகம் முழுதும் இடமிருந்தது. போவதா இருப்பதா என்று நம்மை யாரும் கேட்கவில்லை, நாமும் கேட்டுக்கொள்ளவில்லை, புறப்பட்டுவிட்டோம். சேர் கடைசிவரை அந்த மைதானத்துக்குப் பக்கத்து வீட்டிலேயே இருந்தார். செத்தவீட்டுக்குப் போன பழைய மாணவர்களை ஒரு கை விரலில் எண்ணலாம்.

டாயியின் கோல்கள் 109 என்றுதான் நெடுங்காலம் எண்ணப்பட்டன. பின்னர் ஓர் ஆட்டத்தைக் கழித்து 108 என்றார்கள். 2021 செப்டெம்பர் 1ஆம் திகதி, ஃபாரோ நகரில் அயர்லாந்துக்கு எதிராகப் போர்த்துகலின் றொனால்டோ அதைத் தாண்டி 110ஐத் தொட்டபோது 89ஆம் நிமிடம். பந்து வலப்பக்கத்திலிருந்து வந்தது. ஓடிவந்து எழும்பினார், நெற்றியில் பட்டது. மேலதிக நேரத்தில் இன்னொன்று, அதுவும் தலையால். அந்தப் படத்தை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். இரண்டு தரமும் கண் திறந்திருக்கிறது.