'கம்ப்ளீட்டட்' என்று வந்த பிறகு பார்க்க வேண்டியவை

மருத்துவத் தரவை கிளவுடிலிருந்து மொத்தமாக எடுத்துக் கொடுக்கும் வேலையில் இருப்பவர்களை எல்லாரும் கேட்பது ஒன்றுதான்: "எக்ஸ்போர்ட் முடிஞ்சுதா?" ஆமாம், இல்லை என்று ஒற்றைச் சொல்லில் பதில் சொல்ல நான் இப்போது சம்மதிப்பதில்லை.

மருத்துவத் தரவைப் பரிமாறிக்கொள்வதற்கான 'ஃபயர்' (FHIR) தரநிலைப்படி ஏற்றுமதி, அதாவது எக்ஸ்போர்ட், கேட்டால் தரவு உடனே வராது. சர்வர் 202, அதாவது 'கோரிக்கையை ஏற்றுக்கொண்டேன்', என்று சொல்லி, நிலையைப் பார்க்க ஒரு முகவரி தரும். அங்கே போய்க் கேட்டால், வேலை ஓடும்வரை 202, முடிந்ததும் 200. எவ்வளவு நேரம் கழித்து மறுபடி வரலாம் என்பதையும் சர்வரே சொல்லக்கூடும். அதை மதிக்காமல், தானாகக் கேட்கும் நம் ஸ்கிரிப்ட் நச்சரித்தால் 429, அதாவது 'அளவுக்கு மீறிக் கேட்கிறாய்', என்று வரும்.

200 வந்ததும் பலர் அங்கேயே நின்றுவிடுகிறார்கள். அதோடு வரும் பட்டியலில் தரவுக் கோப்புகள் தனியாக, பிழைக் கோப்புகள் தனியாக இருக்கும். இரண்டாவதைத் திறந்து பார்ப்பவர்கள் குறைவு. அமேசானின் மருத்துவத் தரவுச் சேவையான ஹெல்த்லேக்கில் இதற்கென்றே 'கம்ப்ளீட்டட் வித் எரர்ஸ்' (பிழைகளோடு முடிந்தது) என்று தனி நிலை உண்டு. நான் பார்த்த ஒரு டாஷ்போர்டு, 'கம்ப்ளீட்டட்' என்று தொடங்கும் எல்லாவற்றுக்கும் பச்சை விளக்கு போட்டுக்கொண்டிருந்தது. வேலை அடியோடு தோற்றால் அலாரம் அடிக்கும், ஆள் ஓடி வருவார். பாதி வந்து பாதி விட்டுப்போனால் யாருக்கும் தெரியாது. எனக்கு இதுதான் அதிக பயம்.

இன்னொன்று, 'டிரான்சாக்‌ஷன் டைம்'. இந்த ஏற்றுமதி எந்த நொடி வரையிலான தரவைக் கொண்டது என்று சொல்லும் நேரம் அது. அடுத்த முறை 'இதற்குப் பிறகு மாறியவை மட்டும்' என்று கேட்க அதைத்தான் கொடுக்க வேண்டும், வேலை முடிந்த நேரத்தை அல்ல. 10 மணி வரையிலான தரவை எடுக்க 10 மணிக்குத் தொடங்கிய வேலை 11:30க்கு முடிகிறது என்று வையுங்கள். 10:40க்கு ஆய்வகத்திலிருந்து ஒரு பரிசோதனை முடிவு பதிவாகிறது. அடுத்த ஏற்றுமதியை 11:30இலிருந்து கேட்டால், அந்தப் பரிசோதனை முடிவு இரண்டு ஏற்றுமதியிலும் வராது.

அந்த முடிவு கோப்பில் ஒரே ஒரு வரிதான்: அப்சர்வேஷன் (பரிசோதனைப் பதிவு), எந்தப் பரிசோதனை என்று சொல்லும் லாயின்க் (LOINC) குறியீடு 4548-4, மதிப்பு 9.2 சதவீதம். அதாவது ஒரு சர்க்கரை நோயாளியின் ஹெச்பிஏ1சி, கடந்த சில மாதங்களின் சராசரி சர்க்கரையைக் காட்டும் அளவு. அந்த வரி இல்லையென்றால், பரிசோதனையே செய்யாதவர் என்றுதான் அவர் அறிக்கையில் தெரிவார். அவரைக் கூப்பிட்டு மருந்தை மாற்ற வேண்டியவருக்குச் செய்தியே போகாது.

ஆகவே எங்கள் குழுவில் நிலையைச் சொல்லும்போது, எந்த நேரம் வரையிலான தரவு, பிழைக் கோப்பில் எத்தனை வரி என்பதையும் சேர்த்தே எழுதுகிறோம். பிழையில் ஒரு வரி இருந்தாலும், அதைத் திறந்து பார்த்தவர் யார் என்று பெயரும் இருக்க வேண்டும்.