மச்சினனின் நத்தைப் பண்ணை

பாலக்கோடு பக்கம் இருக்கும் என் மச்சினனுக்குத் தக்காளி விலை விழும்போதெல்லாம் ஒரு புதுத் தொழில் தோன்றும். பட்டுப்புழு, காளான், காடை எல்லாம் பார்த்தாயிற்று. போன மழைக்காலத்தில் நத்தை. பிரான்ஸில் பூண்டும் வெண்ணெயும் போட்டுச் சாப்பிடுகிறார்களாம், கொரியாவில் அதன் கோழையை எடுத்து முகத்துக்கு கிரீம் செய்கிறார்களாம். பாலக்கோட்டிலிருந்து கொரியாவுக்கு நத்தை எப்படிடா போகும் என்று கேட்டால், "முதல்ல வளரட்டும் மாமா" என்றான்.

மாமனாருக்கு இன்னும் ஈமு கோழி மறக்கவில்லை. 2012இல் கொங்குப் பக்கம் அந்தத் தொழில் படுத்தபோது இவர் பணமும் அதில் இருந்தது. "மறுபடியும் ஆரம்பிக்காதடா" என்றார்.

"அது ஓடுச்சுப்பா. இது நத்தை. எங்க ஓடப் போகுது?"

கேள்வி நியாயமாகத்தான் இருந்தது.

ஓசூர் பக்கம் ஓர் ஆளிடம் ஜோடிக் கணக்கில் வாங்கி வந்தான். பெண் நத்தைக்கு விலை கொஞ்சம் கூடுதலாம். ஓட்டைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது, ஆப்பிரிக்க ராட்சத நத்தை. 1847இல் பென்சன் என்ற வெள்ளைக்காரர் மொரீஷியஸிலிருந்து கல்கத்தாவுக்குக் கொண்டுவந்தது. அங்கே தோட்டத்தில் விட்டது பெருகிப் பரவி, இப்போது பப்பாளி, மல்பெரி, காய்கறி என்று எதையும் விட்டுவைப்பதில்லை. அதில் ஆண் தனி, பெண் தனி என்று கிடையாது, ஒரே நத்தைக்குள் இரண்டும் இருக்கும். ஏரியில் பிடித்துக் குழம்பு வைக்கிறோமே, அதில்தான் ஆண் வேறு, பெண் வேறு. இதைச் சொன்னதும் மச்சினன் கூடுதலாகக் கொடுத்த பணத்தைக் கணக்குப் போட ஆரம்பித்தான். அத்தைக்கு வேறு கவலை. "அப்ப பிள்ளைய யார் பாத்துக்கறது?" என்றார். யாரும் பார்ப்பதில்லை. மண்ணுக்குள் நூறு இருநூறு முட்டை போட்டுவிட்டு அது பாட்டுக்குப் போய்விடும்.

பழைய சிமென்ட் தொட்டி, ஈர மண், மேலே தென்னங்கீற்று, தின்ன முட்டைக்கோஸ் இலை. ஓடு வளரச் சுண்ணாம்புச் சத்து வேண்டும், அதற்கு முட்டை ஓட்டை நுணுக்கிப் போட வேண்டும். அவன் பார்த்த வீடியோவிலேயே இது இருந்ததாம். அந்த இடத்தை மட்டும் தள்ளிவிட்டுப் பார்த்திருக்கிறான்.

சுண்ணாம்பை நத்தைகளே தேடிக்கொண்டன. இரவு முழுக்க அவகாசம் இருந்தால் வேகம் எதற்கு? விடிந்து பார்த்தால் தொட்டி காலி. தீபாவளிக்கு வெள்ளையடித்த சுவரில் வரிசையாக ஒட்டிக்கொண்டு சுரண்டித் தின்றுகொண்டிருந்தன. சுவர் முழுக்கப் பளபளவென்று கோழைத் தடம். அத்தை போட்ட சத்தம் அடுத்த தெரு வரை கேட்டிருக்கும். மாமனார் மட்டும் நிதானமாக, "ஓடாதுன்னே. ஏறுதேடா" என்றார்.

சரி, விற்றுவிடலாம் என்று சந்தைக்கு ஒரு பையில் கொண்டுபோனான். நத்தை விற்கும் அம்மா கையில்கூட எடுக்கவில்லை. "இது தோட்டத்து நத்தை கண்ணு. ஏரி நத்தைன்னா கொண்டா."

அப்புறம்தான் மானியம் கேட்கலாம் என்ற யோசனை. தோட்டக்கலை அதிகாரி பொறுமையாகக் கேட்டுவிட்டு, இதை எப்படி ஒழிப்பது என்று சொல்லிக்கொடுத்தார். சாயங்காலம் ஈரச் சாக்கை விரித்து அடியில் பப்பாளி இலையோ முட்டைக்கோஸ் இலையோ போட வேண்டும். காலையில் அடியில் கூடியிருப்பதைக் கையுறை போட்டுப் பொறுக்கி உப்புத் தண்ணீரில் கொட்டிவிட வேண்டும். வெளியே எங்கும் விட்டுவிடக் கூடாது என்று இரண்டு தரம் சொன்னாராம். மச்சினன் எல்லாவற்றையும் நோட்டில் எழுதிக்கொண்டு வந்தான். மானியம் என்று தலைப்புப் போட்ட பக்கம்தான் காலியாக இருந்தது.

அன்றைக்கே பண்ணையை மூடினோம். ஆனால் மூடிய சேதி ஊருக்குப் போய்ச் சேரவில்லை. திறந்த சேதிதான் போயிருந்தது. மறுநாள் காலை பக்கத்துக் காட்டு மல்பெரிக்காரர் இரண்டு வாளி நிறைய நத்தையோடு வந்து வாசலில் இறக்கினார்.

"நீதான் எடுக்கறியாமே தம்பி, கிலோ என்ன ரேட்டு?"

வாளியை எட்டிப் பார்த்த மாமனார், உப்பு மூட்டையை எங்கே வைத்தீர்கள் என்று அத்தையைக் கேட்டார்.